கால ஆட்டிக்கிட்டே இரு

கொடைக்கானல் மலையில, பூண்டியில, பூண்டு போட நெலத்தக் குத்தகைக்கு எடுத்து, நானும் என் பொஞ்சாதி கலைமணியும் அந்தப் பழைய ஓட்டு வீட்டுக்குக் குடிவந்தோம். ரொம்ப நாளாப் பூட்டிக் கெடந்த வீடு. உள்ள ஈரக் கம்பளி வாடை. ஆள் பொழங்காத எடம் அப்படித்தான் இருக்கும்னு நான் கண்டுக்கல. இந்தப் பேய் பிசாசுப் பேச்செல்லாம் எனக்கு ஆகாது.

பூண்டுத் தூசி ஒத்துக்காம கலைமணிக்கு ஓயாத தும்மல். மெடிக்கல்ல கேட்டு மாத்திரை வாங்கிக் குடுத்தேன். தும்மல் நின்னுச்சு. ஆனா சாயங்காலம் மஞ்சு எறங்குற நேரம் அவ கட்டில்ல சாஞ்சா ரெண்டு காலும் நெலகொள்ளாது. நீட்டுவா, மடக்குவா, ஒதைப்பா. கட்டில் கிரீச் கிரீச்சுனு கெடக்கும். தூக்கமில்லாம அவ கண்ணு குழி விழுந்துபோச்சு. எங்க இவளப் பறிகுடுத்துருவேனோன்னு பயந்துட்டேன்.

கொடைக்கானல் டாக்டர் பொறுமையாக் கேட்டார்.

"சில பேருக்குத் தும்மல் மாத்திரையால கூட கால் இப்படிப் பண்ணும். அத நிறுத்திப் பாப்போம். ரத்தமும் டெஸ்ட் பண்ணிருவோம்."

வீட்டுக்கு வந்ததும் மிச்ச மாத்திரைய அடுப்புல போட்டேன்.

சில நாள்லயே கால் அடங்கிருச்சு. அன்னைக்குச் சாயங்காலம் கட்டில் சத்தமே இல்ல. அப்பாடான்னு டீயை எடுத்துக்கிட்டு உள்ள போனேன்.

கலைமணி மல்லாக்கப் படுத்து அழுதுக்கிட்டிருந்தா.

"கால் என்ன பண்ணுது?"

"ஒண்ணும் பண்ணலங்க." குரலே எழும்பல அவளுக்கு. "ஒதைக்கிற வரைக்கும் அது பாதத்துக்கிட்டயே ஒதுங்கிக் கெடந்துச்சு. நீங்க திட்டுவீங்கன்னு சொல்லல."

"எதுடி?"

"இப்ப மேல ஏறிருச்சு."

அவ வயித்து மேல கம்பளி குழியா அமுங்கிக் கெடந்துச்சு. யாரோ குத்தவச்சு உக்காந்த மாதிரி.

குழி நெஞ்சுக்கு நகந்துச்சு.

அவளுக்கு மூச்சு வரல.

"அவள விட்டுரு"னு கெஞ்சிக்கிட்டே ரெண்டு கையாலயும் தள்ளுனேன். ஈரமா, கனமா, என்னமோ கையில பட்டு வழுக்குச்சு. கலைமணி மூச்ச இழுத்து விட்டா. போட்டது போட்டபடி கெடக்க, அவளத் தூக்கிக்கிட்டு பக்கத்து ஊர் கவுஞ்சியில இருக்குற மச்சான் வீட்டுக்கு வந்துட்டேன்.

இப்ப அவ நல்லாத் தூங்குறா. எனக்குத்தான் படுத்தா போதும், பாதத்துல ஏதோ ஈரமா ஒரசுது. விடாம ஒதைச்சுக்கிட்டே கெடக்கேன்.

போன வாரம் அவ ரத்த டெஸ்ட் ரிசல்ட் வாங்கப் போனப்ப, டாக்டர் என் கால் ஆடுறதப் பாத்துட்டு, என்ன மாத்திரை சாப்பிடுறீங்கன்னு கேட்டார். எதுவும் இல்லங்கன்னேன். அப்ப இந்த ஆட்டம் நிக்க நான் ஒண்ணு எழுதித் தர்றேன்னார்.

வேண்டாம் சாமின்னு கும்பிட்டுட்டு எந்திரிச்சு வந்துட்டேன்.