சமையலறைச் சுவரில் முளைத்த கதவு

சட்டி மாட்டும் ஆணி இருந்த இடத்தில் அன்று காலை ஒரு கதவு இருந்தது. சட்டி கீழே தரையில், கழுவித் துடைத்துக் கவிழ்த்து வைக்கப்பட்டிருந்தது. விமலாவுக்குக் கதவைவிட அந்தச் சட்டிதான் உறுத்தியது. யாரோ வீட்டு ஆள் மாதிரி, உடையாமல் பார்த்து எடுத்து வைத்திருக்கிறார்கள்.

கதவில் அரசாங்கக் கதவு இலாகாவின் சிவப்பு அரக்கு முத்திரை இருந்தது. கோலசிலாங்கூர் வட்டாரத்தில் பூட்டும் தாழ்ப்பாளும் பேருக்குத்தான். இலாகா யாருக்கு அனுமதி கொடுத்திருக்கிறதோ அவர் கை பட்டால் கதவு திறக்கும், மற்றவர் கோடாலியோடு வந்தாலும் திறக்காது. ஆள் நுழைந்தால் முத்திரை கொஞ்ச நேரம் சூடாக இருக்கும். பிறந்ததிலிருந்து பழகிய மந்திரம் என்பதால் யாருக்கும் அதில் அதிசயமில்லை. கேட்காமல் ஒரு கதவு முளைத்ததாகத்தான் அவள் கேள்விப்பட்டதே இல்லை. அதுவும் அந்தச் சுவருக்கு அப்பால் அறை எதுவும் கிடையாது. கறுப்புத் தண்ணீர் தேங்கிய கால்வாய், அதைத் தாண்டினால் எண்ணெய்க்காக வளர்க்கும் தோட்டத்துச் செம்பனை மரங்கள். வெளியே சுற்றிப் போய்ப் பார்த்தாள். பாசி பிடித்த வெறும் சுவர்.

திரும்பி வந்து கதவைத் தள்ளினாள். அசையவில்லை.

கூடத்தில் கணவன் திவாகரன் தேநீர் குடித்துக்கொண்டிருந்தான். செம்பனைக் குலை ஏற்றும் லோரி ஓட்டுபவன். ஒரு ஓட்டில் விரிசல் விட்டால்கூட உடனே ஏணி எடுத்து ஏறிப் பார்ப்பவன்.

"ஏங்க, சமையக்கட்டுல புதுசா ஒரு கதவு வந்திருக்கு."

"இலாகா வேலையா இருக்கும். விடு லா," என்றான். எழுந்து வந்து பார்க்கவில்லை.

மதியம் இலாகாவிலிருந்து சேது என்ற இளைஞன் வந்தான். முத்திரை மேல் காதை வைத்துக் கேட்டான். முகம் மாறிற்று.

"முத்திரை அசல்தான்க்கா. யாராவது கேக்காம கதவு வராது."

"நான் கேக்கலையே தம்பி."

சேது திவாகரனைப் பார்த்தான். திவாகரன் தரையைப் பார்த்தான்.

"எடுத்துட முடியாதா?" என்றாள்.

"கேட்டதைக் கொடுக்க எங்க இலாகாவுல ஆள் இருக்குக்கா. போதும்னு சொன்னா நிறுத்தறதுக்கு இன்னும் யாரையும் போடல." செருப்பைக்கூடச் சரியாக மாட்டாமல் மோட்டார் சைக்கிளை எடுத்துக்கொண்டு போய்விட்டான்.

அன்றைக்குப் பிறகு விமலா கணவனைக் கவனிக்க ஆரம்பித்தாள். அவன் சட்டையை முகர்ந்தாள், அவன் நடையைக் கேட்டாள், அவன் தூங்குகிற மாதிரிப் படுத்திருக்கும்போது மூச்சை எண்ணிப் பார்த்தாள். சோற்றுத் தட்டை முன்னால் வைத்தால் "பசிக்கலை" என்று தள்ளினான். ஆனால் அவன் விரல்களில் நெய் வாசனை அடித்தது. நெய்யை மகள் ஷாமினிக்காகத்தான் வாங்குவார்கள். போன மழைக்காலத்தில் டெங்கிக் காய்ச்சலில் அந்த நாலு வயதுப் பிள்ளை போனதிலிருந்து வீட்டில் நெய்யே கிடையாது.

அடுப்படியில் தனியாக நிற்கும் நேரங்களில், மீன் குழம்பு கொதிக்கும் சத்தத்துக்கும் வெளியே மழை ஓட்டில் இறங்கும் சத்தத்துக்கும் நடுவில், கதவுக்குப் பின்னாலிருந்து இன்னொரு சத்தம் வரும். டொக். கொஞ்சம் விட்டு, டொக். யாரோ பலகையில் முத்திரை குத்தி எடுப்பது போல. அதோடு குழந்தைத் தலைக்குத் தேய்க்கும் எண்ணெயின் வாசமும், ஈரத் துணியின் வாசமும் கதவின் அடியிடுக்கு வழியாகக் கசிந்து வந்து அவள் கணுக்காலைச் சுற்றிக்கொள்ளும்.

ஒரு சாயங்காலம் சுங்கை செம்பிலாங்கில் மீன் வாங்கிவிட்டு வந்தவள், கூடையை வைக்குமுன் முத்திரையைத் தொட்டாள். சுட்டது.

திவாகரன் குளியலறையில் கை கழுவிக்கொண்டிருந்தான்.

"அந்தப் பக்கம் யாருங்க இருக்கா?"

அவன் தண்ணீரை நிறுத்தவில்லை. "உனக்கும் கேட்டிருக்கேன் விமலா. அனுமதி வந்துடும். அதுவரைக்கும் என்கிட்ட எதுவும் கேக்காத."

"இன்னொருத்தியா?"

அவன் திரும்பிப் பார்த்தான். கண்ணுக்குக் கீழே தோல் கறுத்துத் தொங்கியது. அது ஏமாற்றுகிறவன் முகமாக அவளுக்குத் தெரியவில்லை. நாள் கணக்கில் தூங்காதவன் முகம்.

மறுநாள் மழை விடவில்லை. மாலையிலேயே இருட்டிவிட்டது. வாசலில் லோரி நின்றது, வீட்டில் அவன் இல்லை. விமலா விளக்கைப் போட்டுவிட்டுக் கதவுக்கு முன்னால் நின்றாள். டொக். இப்போது இடைவெளி குறைந்திருந்தது. டொக். டொக். அதற்கு நடுவே ஒரு சிரிப்பு, மூக்கால் சிரிக்கிற சிரிப்பு. அதை அவள் எங்கே கேட்டாலும் கண்டுபிடிப்பாள்.

"ஷாமினி?"

சிரிப்பு நின்றது. டொக் நிற்கவில்லை.

அவள் கை தானாக நீண்டது. விரல் பட்டதும் அரக்கு இளகியது. கதவு திறந்தது.

கால்வாய் இல்லை. செம்பனை இல்லை. தோட்டத் தொழிலாளர் குடியிருந்த பழைய லயம் போல ஒரு நீண்ட வரிசை, ஒட்டி ஒட்டி வாசல்கள், கண் எட்டும் தூரத்துக்கு அப்பாலும். ஒவ்வொரு வாசலிலும் ஒரு மங்கிய விளக்கு. ஒவ்வொரு விளக்கின் கீழும் ஷாமினி.

அதே மஞ்சள் கவுன். அதே ஈரத் தலை. காலை மடக்கி, வாயைத் திறந்து.

எல்லாம் வாயைத் திறந்து.

திவாகரன் தட்டோடு குனிந்து ஒன்றுக்கு ஊட்டினான். நகர்ந்தான். அடுத்ததுக்கு ஊட்டினான். வரிசையின் கடைசியில், இருட்டில், டொக். அங்கே ஒரு விளக்கு புதிதாக எரிந்தது, அதன் கீழே இன்னொரு ஷாமினி.

"வந்துட்டியா," என்றான் நிமிராமல். "அந்தப் பக்கத்துல இருந்து நீ ஊட்டு. ஒண்ணு முடியறதுக்குள்ள அடுத்தது வந்துடுது. பசி தாங்க மாட்டேங்குதுங்க."

அவள் கையிலும் ஒரு தட்டு இருந்தது. சூடான நெய்ச்சோறு. எப்போது வாங்கினாள் என்று விமலாவுக்குத் தெரியவில்லை.

டொக்.

கிட்டத்தில் இருந்த ஷாமினி தலையைத் திருப்பியது. அதற்குப் பக்கத்தில் இருந்தது திருப்பியது. அதற்கும் பக்கத்தில் இருந்தது. வரிசை முழுக்க, விளக்கு விளக்காக, அத்தனை முகங்களும் அவள் பக்கம் திரும்பின. வாய் ஒன்றுகூட மூடவில்லை.