ஒருத்திக்கு மட்டும் காற்று

காற்றை நிறுத்திய பிறகும் திரையில் இருந்த சிறுமியின் முடி பறந்துகொண்டே இருந்தது.

வீடியோ கேம்களுக்குக் காற்று செய்து கொடுத்துப் பிழைப்பவள் அவள். புல் சாய்வது, கூரை பிய்வது, குப்பை சுழல்வது எல்லாம் அவள் கைவேலை. காற்று சரியாக வருகிறதா என்று பார்க்க ஓர் உருவத்தை நிறுத்திவைப்பது அந்தத் தொழிலில் வழக்கம். புதிதாக ஒன்று செய்யச் சோம்பல்பட்டு, சொந்த மகள் குட்டியையே சுற்றிச்சுற்றிப் படம்பிடித்து நிறுத்தியிருந்தாள். முடி அசைவு தெளிவாகத் தெரிய, காற்று அந்த உருவத்தின்மேல் மட்டும் படும்படி வைத்திருந்தாள்.

கம்ப்யூட்டர் பழசு, அடம்பிடிக்கிறது என்று நினைத்துக்கொண்டாள். போன் அடித்தது. ஸ்பீக்கரில் போட்டாள்.

"என்னம்மா, ஃபேன் முன்னாடி நிக்கிற மாதிரி இருக்கு?" ஆபீசில் அதே ஃபைலைத் திறந்து வைத்திருந்த டைரக்டர் சலித்துக்கொண்டார். "விளையாடுறவங்களுக்குப் புயல்னாத்தான் கிக்கே. ஏத்து!"

ஏற்றினாள். திரையில் கவுன் படபடத்தது. அழகாகத்தான் இருந்தது, அவளுக்கே பெருமை.

"அம்மா, குளிருது. ஜன்னலைச் சாத்தேன்!" பக்கத்து அறையிலிருந்து குட்டி கத்தினாள்.

"சாத்தித்தான்டி இருக்கு."

சொல்லிவிட்டாளே தவிர, மனசு கேட்காமல் எழுந்து போய்ப் பார்த்தாள். மத்தியான வெயில் மூடிய கண்ணாடியில் சுள்ளென்று அடிக்க, பசை வாசனையும் பென்சில் சீவிய மர வாசனையும் கலந்து புழுங்கிக் கிடந்த அந்த அறையில், தரையெல்லாம் பரப்பிய காகிதங்கள் போட்டது போட்டபடி கிடக்க, நடுவில் உட்கார்ந்து படம் வரைந்துகொண்டிருந்த குட்டியின் இரட்டைச் சடை மட்டும் பின்னால் நீண்டு, படபடவென்று துடித்துக்கொண்டிருந்தது.



அவள் கம்ப்யூட்டருக்கு ஓடிவந்து காற்றைப் பூஜ்யத்தில் வைத்தாள். நிற்கவில்லை. உருவத்தை அழித்தாள். அழியவில்லை.

"சார், ஃபைலை மூடுங்க! உங்க காலைப் பிடிச்சுக் கேக்கறேன், எதையும் தொடாதீங்க!"

"அட, இப்பத்தாம்மா உயிரே வந்திருக்கு. நீ விடு. மிச்சத்தை நான் ஏத்திக்கறேன்."

அலறல்.

ஓடினாள். குட்டி கதவு நிலையைப் பிடித்துத் தொங்கிக்கொண்டிருந்தாள். கீழ்நோக்கி அல்ல. பக்கவாட்டில். கால்கள் அந்தரத்தில், எதிர்ச் சுவரை நோக்கி. கன்னம் உப்பி. கண் திறக்க முடியாமல். பின்னால் திரைச்சீலை ஆடாமல் தொங்கியது.

நிலையிலிருந்து கை நழுவியது. அம்மா பாய்ந்து பிடித்தாள்.

"விட்டுடாதம்மா!"

"விடமாட்டேன்டி தங்கம். விடவே மாட்டேன்."

போனில் கைதட்டல் கேட்டது. "பிரமாதம்! இன்னும் இருக்கு பாரு!"

அவள் விடவில்லை. அவள் பிடிக்குள் இருந்த சின்ன விரல்களிலிருந்து முதலில் நிறம் பறந்தது. அப்புறம் ரேகை. அப்புறம் நகம்.