நேவியாவின் சொந்தக் குரல்

ஒலிப்பதிவு அறைக்குள் காலெடுத்து வைத்ததுமே நேவியாவின் மூக்கில் அதிமதுர வாசனை ஏறியது. ஆகஸ்ட் மாதத்து மத்தியானம், ரோம் நகரமே கடற்கரைக்குப் போய்விட்டிருந்தது, பதினெட்டு நாளாகப் பூட்டிக் கிடந்த அறை இது. அதிமதுர மிட்டாயை வாயில் அடக்கிக்கொண்டு இந்த மைக் முன்னால் நின்றவள் எர்சிலியா ஒருத்திதான். அவளைப் புதைத்தும் பதினெட்டு நாளாகிறது.

நேவியா பதினாலு படம் நடித்தவள். பதினாலிலும் முகம் இவளுடையது, குரல் எர்சிலியாவுடையது. அன்கோனா துறைமுகத்து மீன்காரி மாதிரிக் கரகரக்கிறது என்று இவள் குரலை எந்த இயக்குநரும் சேர்க்கவில்லை. கொடுமை என்னவென்றால் இவள் அம்மாவுக்குக் கண் தெரியாது. ஒவ்வொரு படத்துக்கும் கொட்டகையில் போய் உட்கார்ந்துவிட்டு, "நீ எப்ப வருவேன்னு கேட்டுக்கிட்டே இருந்தேன், படமே முடிஞ்சுபோச்சுடி" என்பாள். எர்சிலியா இல்லாததால் இவளே பேசிப் பார்க்க இன்று ஒரு நாள்தான் வாய்ப்பு. சரிவராவிட்டால் நாளை வேறொருத்தி வருவாள்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஒலிப்பதிவாளர் அமில்காரே உட்கார்ந்திருந்தார். நல்லபடியாக நடக்க வேண்டும் என்று இங்கே யாரும் நேராக வாழ்த்துவதில்லை. "ஓநாய் வாய்க்குள்ள போம்மா" என்றார். "சாகட்டும்" என்று பதில் சொல்ல வேண்டும், நன்றி மட்டும் சொல்லவே கூடாது, சொன்னால் கெட்டது நடக்கும்.

போன மாதம் அவர் இதையே சொன்னபோது நேவியா "சாகட்டும்" என்றாள். அப்போது இவள் பார்த்துக்கொண்டிருந்தது எர்சிலியாவை. நினைத்தது ஓநாயை இல்லை. ஒரே வாரத்தில் எர்சிலியாவுக்குத் தொண்டை அடைத்துக்கொண்டது.

இப்போது அந்தச் சொல் வாயில் வர மறுத்தது.

"நன்றி" என்றாள்.

"அடிப்பாவி, அதைப் போய்ச் சொல்லலாமா?" அமில்காரே தீட்டுக் கழிய சட்டென்று மேசையின் இரும்புக் காலைத் தொட்டுக்கொண்டார்.

விளக்கு அணைந்தது. இரு முனையும் ஒட்டிய சின்னப் படச்சுருள் வளையமாகச் சுற்ற ஆரம்பித்தது. திரையில் மழை, மூடிய கதவு, நேவியாவின் முகம். ஒரே வசனம்தான், சத்தமில்லாமல் உதடு மட்டும் அசைந்தது. சுற்று முடிந்ததும் மறுபடி மழை, மறுபடி கதவு. ஒவ்வொரு சுற்றுக்கும் வாசனை கூடிக்கொண்டே போனது. நாக்கில் இனித்தது. இவள் மிட்டாய் எதுவும் தின்னவில்லை.

நேவியா மூச்சை இழுத்தாள். இழுத்தது வேறு யாரோ.

"அம்மா, நான்தான். கதவைத் திற."

பட்டுப் போன்ற குரல். எர்சிலியாவின் குரல்.

நிறுத்துங்கள் என்று கத்தினாள். அதுவும் எர்சிலியாவின் குரலில், அழகாக வந்தது.

"அட, அப்படியே அவதான்" என்று அமில்காரே கை தட்டினார். மகிழ்ச்சியில் அவருக்குக் கண் கலங்கியிருந்தது. "இனி எல்லாப் படத்துக்கும் நீயே பேசிடலாம்மா."

அவர் மைக்கை அணைத்துவிட்டு வெளியே போனார். வளையத்தை நிறுத்த மறந்துவிட்டார்.

மழை. கதவு. முகம்.

ஒலியே பதியாத சுருள் அது. திரையிலிருந்த நேவியா கதவைப் பார்க்கவில்லை, இவளைப் பார்த்தாள். வாயைத் திறந்தாள். துறைமுகத்து மீன்காரி மாதிரிக் கரகரத்த குரல் அறை முழுக்கக் கேட்டது.

"அம்மா, நான்தான். கதவைத் திற."

சுற்று முடிந்தது. மறுபடி மழை.

"அம்மா, நான்தான். கதவைத் திற."