நூல் முனை இல்லாத உருவம்

அந்தத் துணியின் பின்பக்கத்தில் ஓர் உருவத்துக்கு மட்டும் நூல் முனையே இல்லை. சித்திர நெசவில் பின்பக்கம் என்றாலே அலங்கோலம்தான். நிறம் மாறும் இடத்திலெல்லாம் அறுத்துவிட்ட நூல் நுனிகள் தொங்கும். பாலத்தைக் கடந்து போகிற பதினொரு பேருக்கும் அப்படித்தான் தொங்கியது. பன்னிரண்டாவதாகப் போகிற ஊதா உடை உடுத்திய பெண்ணுக்கு ஒன்றுகூட இல்லை. சிகுசா விரலால் தடவிப் பார்த்தாள். தோல் போல வழுவழுவென்று இருக்கவும் கையை எடுத்துவிட்டாள்.

"அது நகமா, ரம்பமா?" என்று சிரித்தார் தொகுமாரு. திருவிழாத் தேரின் பின்னால் கட்டும் இந்தத் திரையை எலி கடித்துவிட்டதென்று காலையில் தூக்கிக்கொண்டு வந்த தெருச் சங்கத் தலைவர் அவர்தான்.

"ரம்பம்தான். நூலை வாரி இறுக்கணும்ல? எங்க தொழில்ல எல்லாரும் நகத்தை இப்படிப் பல்லு பல்லா அராவி வச்சிருப்போம்."

"நாலு நாள்ல தேர் புறப்பாடு. முடிச்சிருவீங்கல்ல? அப்புறம் ஒரு விஷயம். பின்பக்கமாவே வேலை செய்யுங்க. முன்பக்கத்தைப் பார்க்க வேணாம். தேர்லயும் நாங்க பின்பக்கம் வெளிய தெரியுற மாதிரிதான் கட்டுவோம்."

"ஏன் அப்படி?"

"வழக்கம், அவ்வளவுதான். பயப்பட ஒண்ணுமில்ல. எலி எவ்வளவு கடிச்சிருக்குன்னு போன மாசம் நானே திருப்பிப் பார்த்தேன். எனக்கு என்ன ஆச்சு? குத்துக்கல்லு மாதிரி இருக்கேன்!" பார்லித் தேநீரை உறிஞ்சிவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "ஒண்ணுதான் புரியல. வீட்டுல ஒரு மரச் சீப்பு கிடக்கு. பொம்பளைங்க சீப்பு. கல்யாணமே பண்ணிக்காதவன் வீட்டுக்கு அது எப்படி வந்துச்சு?"

சிகுசா நிமிர்ந்து அவரைப் பார்த்தாள். தொகுமாருவின் மனைவி மிட்சுயோவை அவளுக்கு நன்றாகத் தெரியும். எப்போதும் ஊதா கிமோனோதான். சிகுசாவின் மகள் நவோவைத் தெருவில் கண்டால் கையில் ஒரு மிட்டாயைத் திணிக்காமல் விடமாட்டாள். போன மாதம் பெட்டியைத் தூக்கிக்கொண்டு தங்கை வீட்டுக்குப் போய்விட்டாள். அறுபது வயதில் என்ன சண்டை வேண்டிக்கிடக்கிறது என்று தெருவே சிரித்தது.

"மிட்சுயோ அக்கா சௌக்கியமா?"

"யாரு?" என்றார் தொகுமாரு, மிக மரியாதையாக.

அவர் போன பிறகு சிகுசா கணக்குப் போட்டுப் பார்த்தாள்: முன்பக்கத்தைப் பார்த்தது போன மாதம், மிட்சுயோ வீட்டை விட்டுப் போனதும் போன மாதம். திருப்பி அனுப்பிவிடலாமா? தேரை வெறும் முதுகோடு இழுக்க வைத்தவள் என்கிற பெயர் கியோத்தோவில் சாகிறவரை போகாது. பின்பக்கம்தானே. பார்க்காமல் இருந்தால் போயிற்று. கணவன் இறந்தபோது நவோ ஏழு மாதக் குழந்தை. மறந்து தொலைக்கச் சிகுசாவிடம் இருந்தது நவோ ஒருத்திதான்.

சட்டத்தில் துணியை முகம் கீழாக இழுத்துக் கட்டினாள். வெளியே ஓட்டின் மேல் மழை ஒரே சீராகப் பெய்துகொண்டிருந்தது, மூன்றாம் தெருவில் தேர்க் குழுவினர் குழலும் வெண்கல மணியுமாக ஒத்திகை பார்க்கும் ஓசை மழையோடு வந்து வந்து போனது, ஈரம் ஏறிய பழம்பட்டிலிருந்து பூட்டிக் கிடந்த அலமாரியின் வாசனையும் அதற்கு அடியில் யாருடையதோ ஒரு தலையெண்ணெய் வாசனையும் மெல்ல எழுந்தன. எலி கடித்த ஓட்டை பாலத்தின் கைப்பிடியில். நூலைக் கோத்தாள், நகத்தால் வாரினாள், இறுக்கினாள். வேலை கையில் ஏற ஏறப் பயமும் குறைந்தது.

அதுதான் வினையாகப் போனது.

இந்த நெசவில் வேலை எப்போதும் முகம் கீழாகத்தான். முன்பக்கம் சரியாக வருகிறதா என்று பத்து வரிசைக்கு ஒருமுறை கைக்கண்ணாடியை அடியில் நீட்டிப் பார்ப்பார்கள். பதினாறு வருடமாக அவள் கை அதை அவளைக் கேட்டுச் செய்ததில்லை. இன்றும் கேட்கவில்லை. கண்ணாடியை எடுத்தது. நீட்டியது. அவள் குனிந்தாள்.

பாலம். முதுகு காட்டிப் போகிற பதினொரு பேர். கடைசியாக மிட்சுயோ. அவள் மட்டும் திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்தாள். ஒரு கையைப் பின்னால் நீட்டியிருந்தாள். விரல்கள் எதையோ கொடுக்கிற மாதிரி குவிந்திருந்தன. ஒரு சின்னக் கையின் உயரத்துக்கு.

கண்ணாடி விழுந்து உடைந்தது.

சட்டத்தைத் தள்ளிவிட்டுச் சுவரோடு ஒட்டிக்கொண்டாள். நவோ. நினைவிருக்கிறது! நவோ. ஏழு வயது. மேல்வரிசையில் ஒரு பல் இல்லை. கத்தரிக்காய் ஊறுகாயைத் தட்டின் ஓரத்தில் ஒளித்து வைப்பாள். பள்ளிக்குப் போட்டுப் போகிற மஞ்சள் தொப்பி. எல்லாம் இருக்கிறது. சிரிப்புகூட வந்தது அவளுக்கு.

பிறகு துணியைப் பார்த்தாள். ஊதாவுக்குப் பின்னால் இத்தனை நேரம் வெறும் பட்டாக இருந்த இடத்தில் ஒரு மஞ்சள் புள்ளி. நகமளவு. நூல் முனை இல்லாமல்.

தூரிகையை மையில் தோய்த்து இடது உள்ளங்கையில் பெரிதாக எழுதினாள்: நவோ. உரக்கச் சொன்னாள். நவோ. ஏழு வயது. மேல்வரிசையில் ஒரு பல். கத்தரிக்காய்.

நவோ. ஏழு வயது. ஊறுகாய்... ஊறுகாய் யாருக்குப் பிடிக்காது?

நவோ. ஏழு.

நவோ என்பது.

மூன்றாம் தெருவில் மணி ஒலித்தது.

ஏன் தரையில் உட்கார்ந்திருக்கிறோம்? சிகுசா எழுந்து கண்ணாடித் துண்டுகளைப் பொறுக்கினாள். தேநீர் போட அலமாரியைத் திறந்தபோது முயல் படம் போட்ட ஒரு சின்னக் கோப்பை இருந்தது. கடைக்காரன் தவறிக் கட்டிக்கொடுத்திருப்பான் என்று ஓரமாக நகர்த்தி வைத்தாள்.

சறுக்குக் கதவு படாரென்று திறந்தது.

"வந்துட்டேன்!"

மஞ்சள் தொப்பியும் முதுகுப் பையுமாக ஒரு சிறுமி சொட்டச் சொட்ட நனைந்து நின்றாள்.

"வந்துட்டேன்னு சொன்னேன்ல? 'வாடா கண்ணு'ன்னு சொல்லும்மா!"

சிகுசா துண்டை எடுத்து வந்து தலையைத் துவட்டிவிட்டாள். பல் விழுந்த வாய். லட்சணமான குழந்தை. யார் பெற்றதோ.

"எந்த வீட்டுப் பிள்ளைம்மா நீ? உங்க அம்மா தேடமாட்டாங்களா?"

சிறுமி கலகலவென்று சிரித்தாள். சிகுசா சிரிக்காததைப் பார்த்து நிறுத்தினாள்.

"விளையாடாதம்மா. பயமா இருக்கு." சிகுசாவின் இடது கையைப் பிடித்து விரித்தாள். "இதோ பாரு, நீயே என் பேரை எழுதி வச்சிருக்க!"

சிகுசா குனிந்து பார்த்தாள். உள்ளங்கையில் ஏதோ கறுப்புக் கறை. இந்தக் கையோடு பட்டைத் தொட்டால் வேலையே கெட்டுப்போகும்.

"ஒரு நிமிஷம் கண்ணு," என்று பக்குவமாகச் சொல்லிவிட்டு, பல் வைத்த நகத்தால் கறையைச் சுரண்ட ஆரம்பித்தாள். குழந்தை அவள் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு "அம்மா, அம்மா" என்று அலறியது. மை போன பிறகும், சிவப்பு வந்த பிறகும், நிதானமாகச் சுரண்டிக்கொண்டே இருந்தாள்.