நேரில் வந்தால் விலை வேறு

மழை சொல்லிக்கொண்டா வருகிறது? தெற்கு மாட வீதியில் சுந்தரவல்லி ஆட்டோவுக்குக் கை நீட்டிய நேரம் பார்த்து, அண்டாவைக் கவிழ்த்த மாதிரி கொட்டியது. குடை இல்லை. கைப்பையைத் தலைக்கு மேல் பிடித்துக்கொண்டு, கண்ணில் பட்ட முதல் வாசலுக்குள் ஓடினாள். 'பொருநை லாட்ஜ்' என்றது பலகை.

ரிசப்ஷனில் இருந்தவன் நிமிர்ந்தான்.

அந்தக் கண்கள்... சரியாகத் தூங்காத கண்கள்தான். ஆனாலும் எந்த நிமிடமும் சிரித்துவிடத் தயாராக இருந்தன. வல்லிக்கு முகத்தைத் துடைக்க வேண்டும் என்பதே மறந்துபோனது.

"முதல்ல தலையத் துடைங்க மேடம்," என்று ஒரு வெள்ளைத் துண்டை நீட்டினான். "ரூமா? ஃபேமிலியா?"

'மழைக்கு ஒதுங்கினேன்' என்று சொல்ல ஏனோ வெட்கமாக இருந்தது. "ரூம் எவ்வளவு?" என்று கேட்டுவைத்தாள்.

"'கிளம்பலாமா' ஆப்ல பாத்துட்டு வந்தீங்களா? அதுல புக் பண்ணாதீங்க..." குரலைத் தாழ்த்தினான். "நேர்ல வந்தா விலை வேற. அவங்களுக்கு அழுற கமிஷனை உங்களுக்கே கொறைச்சுடுறேன். ஒரு பெட்ஷீட் மாத்தியிருப்பாங்களா, ஒரு பக்கெட் தூக்கியிருப்பாங்களா? உக்காந்த எடத்துல வாங்கிக்கிறாங்க மேடம்!"

வல்லிக்குச் சிரிப்பும் வந்தது, கோபமும் வந்தது. அவளுக்குச் சம்பளம் வருவதே அந்தக் கமிஷனிலிருந்துதான்! மயிலாப்பூர், தி.நகர், அடையாறு ஓட்டல்களை எல்லாம் 'கிளம்பலாமா' கம்பெனி போன வாரம்தான் அவள் பொறுப்பில் விட்டிருந்தது. ஆப்பில் உள்ள விலையைவிட ரிசப்ஷனில் குறைத்து விற்கக் கூடாது என்பது ஒப்பந்தம். மீறினால் ஆப்பில் அந்த ஓட்டல் கடைசிப் பக்கத்துக்குப் போய்விடும். யார் கண்ணிலும் படாது. அதுவும் மார்கழிக் கச்சேரி சீசன் வரப்போகும் நேரத்தில்...

இவனைப் போய் மாட்டிவிடுவதா? மாட்டிவிடாமல் இருந்தால் அது என்ன உத்தியோகம்?

விசிட்டிங் கார்டை எடுத்து மேஜைமேல் வைத்தாள். "உக்காந்த எடத்துல வாங்குறவ நான்தான் சார்."

அவன் படித்தான். காது மடல் வரை சிவந்துபோனது. பாவம், ஓடி ஒளியக்கூட வழியில்லை. ஆனால் அடுத்த நொடியே நிமிர்ந்துகொண்டான்.

"அஸ்வத். லாட்ஜ் எங்கப்பாவோடது, தப்பு என்னோடது. தாராளமா ரிப்போர்ட் பண்ணுங்க. துண்டு குடுத்ததுக்காகத் தயவு எல்லாம் காட்ட வேணாம்."

"யாரு காட்டப்போறா? ஆப் இல்லேன்னா, கல்கத்தாலேர்ந்து கச்சேரி கேக்க வர்றவருக்கு இங்க ஒரு லாட்ஜ் இருக்கிறதே தெரியாது. விளம்பரம் யாரு பண்றா? கஸ்டமர் சண்டைக்கு வந்தா யாரு திட்டு வாங்குறா?"

"அந்த கல்கத்தாக்காரர் கடைசி நேரத்துல கேன்சல் பண்ணா, காலி ரூமைப் பாத்துக்கிட்டு யாரு உக்காந்திருக்கிறா?"

இரண்டு பேர் சொல்வதும் நியாயம்தான். அதனால்தான் இரண்டு பேரும் அவ்வளவு சத்தம் போட்டார்கள்.

"முதல் தடவைக்கு எச்சரிக்கைதான் ரூல். விலையச் சரி பண்ணுங்க. திரும்ப வந்து பாப்பேன்," என்று வாசல் பக்கம் திரும்பினாள். மழை விட்டு வெகு நேரமாகியிருந்ததை அப்போதுதான் கவனித்தாள்.

சொன்னபடி திரும்ப வந்தாள். விலை சரியாக இருந்தது. ரூம் படங்கள் மங்கலாக இருக்கின்றன என்று இன்னொரு நாள் வந்தாள். பிறகு காரணமே இல்லாமல் வந்து, வாசலில் நின்று ஒரு காரணத்தை யோசித்துக்கொண்டு உள்ளே போனாள். ஒவ்வொரு முறையும் ஃபில்டர் காபி வந்தது... கூடவே ஒரு சண்டையும் வந்தது. சண்டை இல்லாவிட்டால் இருவருக்கும் காபி இறங்கவில்லை.

ஒருநாள் அவன் முகம் வாடியிருந்தது. "எல்லாரும் ஆப்லயே வர்றாங்க வல்லி. கமிஷன் போக என்ன நிக்கும்?"

"விலையக் கொறைக்காதீங்க," என்றாள் தன்னை மறந்து. "நேரா புக் பண்றவங்களுக்குக் காலைல பொங்கலும் வடையும் ஃப்ரீன்னு சொல்லுங்க. விலை அதேதான்... ஒப்பந்தம் ஒண்ணும் பண்ணாது. அடுத்த வருஷம் உங்களுக்கே போன் பண்ணுவாங்க."

அவன் கண்கள் விரிந்தன. அந்தச் சந்தோஷத்தைப் பார்த்து அவளுக்கும் மனம் நிறைந்தது. பஸ் ஏறிய பிறகுதான் சுருக்கென்றது. 'அடிப்பாவி... கம்பெனிக்கு வர வேண்டிய கஸ்டமரை எப்படித் திருப்புறதுன்னு சொல்லிக் குடுத்துட்டு வந்திருக்கியே!' மறுநாள் காலை முதல் வேலையாக மேலதிகாரி ராஜகோபாலன் அறைக்குப் போனாள்.

அந்த வாரம் பொருநை லாட்ஜுக்கு வேறொருவன் வந்தான். "ராகேஷ், ப்ரோ. இனிமே உங்க லாட்ஜ் என்கிட்ட. வல்லி மேடம் வேணாம்னு சொல்லிட்டாங்க."

வேணாமா? அஸ்வத்துக்கு முகத்தில் அடித்த மாதிரி இருந்தது. புலம்பிப் புலம்பி அலுக்க வைத்துவிட்டேனோ... 'நானா போய்க் கேக்கணுமா? மாட்டேன்' என்று வீம்பாக இருந்தான். போன் வந்தபோதெல்லாம் பாய்ந்து எடுத்தான். எல்லாம் இலவசப் பொங்கல், வடையைப் பற்றி விசாரித்த போன்கள்.

அப்பா மாணிக்கவாசகம் பொறுத்துப் பார்த்தார். "ஏல, லாட்ஜு நெறைஞ்சு கெடக்கு. ஒம் மூஞ்சி மட்டும் ஏம்ல காலியா கெடக்கு? போய் என்னன்னு கேளு, போ."

தேனாம்பேட்டையில் அவள் ஆபீஸ் வாசல். சாப்பாட்டு நேரம். அவனைப் பார்த்ததும் வல்லி நின்றுவிட்டாள்.

"எங்க லாட்ஜை ஏன் விட்டீங்க?" ஒத்திகை பார்த்து வந்ததெல்லாம் மறந்து, குழந்தை மாதிரி கேட்டான். "என் மேல கோவமா?"

"கோவம் இருந்தா லாட்ஜை நானே வெச்சிருப்பேனே..." அவள் தரையைப் பார்த்தாள். "வேண்டப்பட்டவங்க ஓட்டலை நாமளே பாத்துக்கக் கூடாது. கம்பெனி ரூல். உங்க பக்கமே பேச ஆரம்பிச்சுட்டேன்... அதான் வேற ஆளுக்குக் குடுங்கன்னு எங்க சார்கிட்ட போய்ச் சொல்லிட்டேன்."

அண்ணா சாலையின் ஹாரன் சத்தம் எதுவும் அவனுக்குக் கேட்கவில்லை. "சார் ஒண்ணும் கேக்கலையா?"

"கேட்டார்." அவள் கன்னம் சூடாகியது. ஆனாலும் இந்த முறை நிமிர்ந்து அவன் கண்களைப் பார்த்தாள். "'அந்த லாட்ஜ்காரர் உனக்கு உறவாம்மா?'ன்னு கேட்டார்."

"நீங்க என்ன சொன்னீங்க?"

"'இன்னும் இல்ல சார்'னு சொன்னேன்..."