கண்சிமிட்டிப் பாறை

“புத்தகத்தைக் கொண்டு வா. ஆள் கிடைத்தால் ஆளையும் கொண்டு வா!”

ஆளைப் பின்னால் வைத்துக் கர்னல் துரை சொன்ன அந்த வரிசை, எழுத்தர் ராயப்பனுக்குக் கொஞ்சமும் பிடிக்கவில்லை. பிடிக்கவில்லை என்று கர்னலிடம் சொல்ல முடியுமா? “உத்தரவு துரை” என்று ஒரு சலாம் போட்டுவிட்டுக் கூடாரத்தை விட்டு வெளியே வந்தார்.

கர்னல் ‘ஆள்’ என்று சொன்னது கேப்டன் எட்மண்ட் ஹார்விக்கை. வெள்ளைக்காரத் துரை என்றதும் நமக்கு நாற்காலியும் பங்கா விசிறியும் பட்லரும்தான் கண்முன் வரும். ஹார்விக் அந்த ரகம் இல்லை. பதினெட்டு வயதில் கப்பலேறி வந்தவர். இருபத்தாறு வருஷம் ஓடிவிட்டது. கூட வந்தவர்களெல்லாம் மேஜர், கர்னல் என்று ஏறிக்கொண்டே போக, இவர் மலை மலையாக ஏறினாரே தவிர பதவியில் ஏறவில்லை. மனைவியையும் ஒரு வயதுப் பிள்ளையையும் ஒரே வாரத்தில் காலராவுக்குக் கொடுத்து, பாளையங்கோட்டையில் புதைத்தார். அடுத்த திங்கட்கிழமை கருவிப்பெட்டியோடு காட்டுக்குக் கிளம்பிவிட்டார். “கல்நெஞ்சக்காரன்” என்று மற்ற துரைமார் பேசிக்கொண்டார்கள். அவர் அழுவதற்குத்தான் மலைக்குப் போனார் என்பது ராயப்பனுக்கு மட்டும் தெரியும்.

தெற்கு மலைகளை அளந்து படம் போடுவது அவர் வேலை. மூன்று சிகரங்களைச் சேர்த்து ஒரு முக்கோணம், அதை ஒட்டி இன்னொன்று, இப்படியே பதினோரு வருஷம். மிச்சம் இருந்தது கடைசி முக்கோணம். ஹார்விக் கோணம் அளக்கும் பெரிய கருவியோடு கூரம்பு மலை உச்சியில் கூடாரம் போட்டார். எதிரே எட்டு மைல் தள்ளித் தொட்டிப்பாறை. அங்கிருந்து ஒரு ஆள் வட்டக் கண்ணாடியால் சூரிய வெளிச்சத்தைத் திருப்பிக் காட்ட வேண்டும். அந்த வெளிச்சப் புள்ளியைப் பார்த்துத்தான் கோணம் எடுக்க முடியும்.

மழை பிடித்துக்கொண்டது. அரிசி தீர்ந்தது. கூலியாட்கள் நாலு பேருக்கும் காய்ச்சல். ஹார்விக் அவர்களைக் கீழே அனுப்பிவிட்டுத் தனியாக இருந்தார். அரிசியோடு வேறு ஆட்கள் திரும்பப் போவதற்குள் நடுவே ஓடும் கரும்பாறு பெருகிவிட்டது. யாரும் கடக்க முடியவில்லை. அவர் மலையேறி இன்றோடு இருபத்தாறு நாள். பதினோரு வருஷக் கோணங்களையும் எழுதிய ஒரே புத்தகம் அவரிடம்தான் இருந்தது.

முகாமின் வேப்பமரத்தடியில் இரண்டு சேவகர்கள் காவலில் ஒருவன் உட்கார்ந்திருந்தான். அவன் பெயர் மாசானம். தொட்டிப்பாறையில் கண்ணாடி பிடித்தவன் அவன்தான்.

“துரை மூணு வெளிச்சம் காட்டுனாவ. இறங்கச் சொன்னதாலதான் இறங்குனேன்” என்று அவன் வந்த நாளிலிருந்து சொல்லிக்கொண்டிருந்தான். அப்புறம் வந்த கூலிகளோ, “துரை இன்னும் மாசானம் வெளிச்சத்தைத்தான் தேடிக்கிட்டு இருக்காவ” என்றார்கள். இரண்டும் எப்படி உண்மையாக இருக்கும்? வேலையை விட்டு ஓடியவன், துரையைக் காட்டில் தவிக்க விட்டவன் என்று முகாமே அவனைக் காறித் துப்பியது. குற்றம் உறுதியானால் ஜெயில். உறுதியாகாமல் போக வேண்டுமென்றால் ஹார்விக் உயிரோடு வந்து, “ஆமாம், நான்தான் இறங்கச் சொன்னேன்” என்று சொல்ல வேண்டும்.

“ஐயா, என்னையும் கூட்டிட்டுப் போங்க!” என்று ராயப்பன் காலடியில் விழுந்தான் மாசானம். “அந்தக் காட்டுல எனக்கு வழி தெரியும்.”

ராயப்பனுக்கு அவன் முகத்தைப் பார்க்கவே எரிச்சலாக வந்தது. “ஓடியாந்த வழி தெரியும். போற வழி தெரியுமாலே?” என்றார். ஆனாலும் கூட்டிக்கொண்டார்.

மூன்றாவது ஆள் மல்லன் காணி. காணிக் குடியில், அந்த மலையிலேயே பிறந்து தேனெடுத்து வாழ்கிறவன். கிளம்பும்போதே ஒரு கேள்வி கேட்டான்.

“மலை எங்கயும் ஓடிப் போவாதே அய்யா. அத எதுக்கு அளக்குதீங்க?”

ராயப்பன் மூட்டையை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டார். மரத்தை வெட்டவும் வரி போடவும் என்று உண்மையைச் சொன்னால், இவன் அப்படியே திரும்பிப் போய்விடுவானே!

முதல் நாள் அட்டைகளோடு போராட்டம். புகையிலையும் சுண்ணாம்பும் குழைத்துக் காலில் தடவியும் ராயப்பனுடைய கணுக்காலில் ரத்தம் நிற்கவே இல்லை. இரண்டாம் நாள் கரும்பாற்றை அடைந்தார்கள். வெள்ளம் சற்று வடிந்திருந்தாலும் பாறைக்குப் பாறை நுரைத்துக்கொண்டு ஓடியது. மல்லன் காட்டுப் பிரம்பை நீளமாக அறுத்து, இடுப்பில் கட்டிக்கொண்டு நீந்தி, அக்கரை மரத்தில் இறுக்கினான்.

“பிரம்ப விட்றாதீங்க! காலு போனாலும் கை போவப்படாது!”

நடு ஆற்றில் ராயப்பனின் கால் போயிற்று. அடுத்த நொடியே கையும் போயிற்று! தண்ணீர் அவரைப் புரட்டி இழுத்தது. பின்னால் வந்த மாசானம் ஒரு கையால் பிரம்பையும் மறு கையால் அவர் குடுமியையும் பிடித்துக்கொண்டான். கரையில் இழுத்துப் போட்டபோது ராயப்பன் குடித்த தண்ணீர் ஒரு குடம் இருக்கும்.

“என்னைய ஏன்லே காப்பாத்துன?” என்று இருமலுக்கு நடுவே கேட்டார். “நான் உன்னைய ஜெயிலுக்கு அனுப்பப் போறவன்.”

“அது அப்பம் பாத்துக்கிடலாம் ஐயா” என்றான் மாசானம்.

அன்று மாலை ராயப்பன் அவனை முதல்முறையாகத் திட்டாமல் விசாரித்தார். “விதி உனக்குத் தெரியும்லா? மூணு வெளிச்சம் வந்தா நீ திருப்பி மூணு காட்டணும். துரை ‘கண்டேன்’னு ஒண்ணு காட்டணும். அதப் பாத்தபொறவுதான் கண்ணாடிய மடக்கணும். அந்த ஒண்ணு வந்துச்சா?”

மாசானம் தலையைக் குனிந்துகொண்டான். “நான் மூணு காட்டி முடிக்கதுக்குள்ள மேகம் மூடிருச்சு ஐயா. மறுநாள் உச்சிப்பொழுது வரைக்கும் காத்திருந்தேன். விலகல. அரிசியும் இல்ல. துரைதான் சொல்லிட்டாவளேன்னு இறங்கிட்டேன். ஆனா மூணு வெளிச்சம் வந்தது சத்தியம். என் கண்ணு பொய் சொல்லாது.”

மூன்றாம் நாள் காலையில் கூரம்பு மலையின் சரிவில் ஏறிக்கொண்டிருந்தார்கள். இரவெல்லாம் பெய்த மழை அப்போதுதான் விட்டிருந்தது. உச்சிக்குக் கொஞ்சம் கீழே, வழுவழுப்பான ஒரு பெரிய பாறை முகத்தில் தண்ணீர் கசிந்து வழிந்தது. மேகத்தை விலக்கிக்கொண்டு வெயில் விழுந்தது. பாறை பளீரென்று மின்னியது! ஒரு மேகத்துண்டு கடந்ததும் அணைந்தது. மறுபடி மின்னியது. அணைந்தது. மறுபடியும் மின்னியது.

மாசானம் அப்படியே நின்றுவிட்டான். பேயறைந்தவன் மாதிரி வாயைத் திறந்தபடி நின்றான்.

“இதுக்குப் பேரு கண்சிமிட்டிப் பாறை” என்றான் மல்லன், தேன் இருக்கும் மரத்தைக் காட்டுகிறவனைப் போலச் சாதாரணமாக. “மழ விட்டு வெயிலடிச்சா கண்ணடிக்கும். தொட்டிப்பாறையில நின்னாக்கூடத் தெரியும்.”

ராயப்பன் மேல்மூச்சு வாங்க ஏறிக்கொண்டிருந்ததால் இது அவர் காதில் விழவில்லை. மாசானத்தின் காதில் விழுந்தது. துரை அவனை இறங்கச் சொல்லவே இல்லை. பாறை சொல்லியிருக்கிறது. பதினோரு வருஷம் கண்ணாடி பிடித்தவன், வெளிச்சத்தைப் பார்த்ததும் அது துரையின் வெளிச்சம்தான் என்று நினைத்துவிட்டான். வெளிச்சத்தோடு பழகாத ஒருவனாக இருந்தால் சந்தேகப்பட்டிருப்பான்.

உச்சியில் கூடாரம் நின்றது. “துரை! துரை!” என்று ராயப்பன் கத்தினார். காற்றுதான் கூடாரத்தின் கித்தானை அடித்துக்கொண்டிருந்தது. பெரிய கருவியை மெழுகுத்துணியால் போர்த்தி, நாலு பக்கமும் கல் வைத்திருந்தது. பெட்டியில் புத்தகம் இல்லை. உச்சியைக் குறிக்க நட்டிருந்த அளவுக் கல்லின் மேல் குவித்திருந்த சிறு கற்களுக்கு நடுவே ஒரு தகர டப்பா இருந்தது. அதற்குள் ஒரு கடிதம். ராயப்பன் மனத்துக்குள் வாசித்தார். பிறகு தமிழில் உரக்கச் சொன்னார். சொல்லச் சொல்ல அவர் குரல் இறங்கிக்கொண்டே வந்தது.

“பதினோரு நாளாகத் தொட்டிப்பாறையிலிருந்து வெளிச்சம் இல்லை. மாசானம் என் சொல் இல்லாமல் இறங்குகிற ஆள் அல்ல. அவன் காய்ச்சலில் கிடக்கிறான், அல்லது அதைவிட மோசம். நான் அவனிடம் போகிறேன். புத்தகம் என்னிடம் இருக்கிறது. ஹார்விக்.”

ராயப்பன் மெதுவாக மாசானத்தின் தோளில் கை வைத்தார். “காய்ச்சல்ல கிடந்தியாலே? இத ஏன் முன்னமே சொல்லல?”

மாசானம் முகத்தைத் திருப்பிக்கொண்டு எதிரே தொட்டிப்பாறையைப் பார்த்தான்.

அதற்குப் பிறகு வழி தேடும் வேலையை மல்லன் எடுத்துக்கொண்டான். ஒடிந்த புல், பூட்ஸ் நழுவிய தடம், மரத்தின் வலப்பக்கத்தில் கத்தியால் செதுக்கிய அடையாளம். தடம் நேராக மலையிறங்கிக் கரும்பாற்றின் மேல்கரைக்குப் போனது. அங்கே மறைந்தது. அக்கரையில் மறுபடி தென்பட்டது. அரிசி கொண்டுவந்த ஆறு பேர் கடக்க அஞ்சிய ஆற்றை அந்த மனுஷன் ஒற்றையாக, வெள்ளத்தில் கடந்திருக்கிறார்!

தடத்தின் நடுவே ஒரு ஒற்றை யானை வழிமறித்தது. மூவரும் மூச்சை அடக்கிக்கொண்டு ஒரு வேர்ப்பள்ளத்தில் முக்கால் மணி நேரம் குப்புறக் கிடந்தார்கள். யானை மூங்கிலை முறித்துத் தின்றுவிட்டு, இவர்கள் ஒரு பொருட்டே இல்லை என்பதுபோல நடந்து போனது.

தொட்டிப்பாறைக்குப் பாதி ஏற்றத்தில் அவரைக் கண்டார்கள். சரிவில் வழுக்கி விழுந்து கால் முறிந்திருந்தது. ஆனைக்கும் அடி சறுக்கும் என்பார்கள். ஒரு பாறை இடுக்கு வரை ஊர்ந்து போய், மேலே தொட்டிப்பாறை உச்சி தெரிகிற பக்கமாகத் திரும்பிச் சாய்ந்து உட்கார்ந்த நிலையிலேயே உயிர் போயிருந்தது. போய்ப் பல நாள் ஆகியிருக்கும்.

மல்லன் தலைத்துண்டை அவிழ்த்து அவர் முகத்தை மூடினான். ராயப்பன் முழங்காலிட்டு ஜெபம் சொல்லத் தொடங்கி, பாதியில் வார்த்தை மறந்து தேம்பினார். சட்டைக்குள் மெழுகுத்துணியில் சுற்றிய புத்தகம் இருந்தது. ஒரு எழுத்துக்கூட நனையவில்லை. தோள்பையில் மூன்று கைப்பிடி அரிசி, ஒரு கம்பளி, காய்ச்சலுக்கான கொயினா மருந்துப் புட்டி ஒன்று. அவர் ஆற்றங்கரையில் தங்கிய இடத்தை மல்லன் பார்த்திருந்தான். அவருக்கே காய்ச்சல் கண்டு, இலைப்படுக்கையில் இரண்டு நாள் புரண்டிருக்கிறார் என்று அங்கேயே சொல்லியிருந்தான். ஆனால் புட்டியின் மூடி திறக்கப்படவே இல்லை.

மாசானம் அந்தப் புட்டியைக் கையில் வைத்துக்கொண்டே இருந்தான். குழி தோண்டும்போது மட்டும் கீழே வைத்தான். அவரை அங்கேயே அடக்கம் செய்து, மேலே ஆளுயரத்துக்குக் கல் அடுக்கினார்கள். கடைசிக் கல் வரை மாசானமே சுமந்தான்.

இறங்கும்போதுதான் அவன் ராயப்பனிடம் பாறையைப் பற்றிச் சொன்னான். ராயப்பன் சட்டென்று நின்றார்.

“வாய மூடு” என்றார். “காய்ச்சல்னு செத்தவரே எழுதி வச்சிருக்காரு. அதுக்கு மேல எவன் கேக்கப் போறான்? உனக்கு மூணு பிள்ளைங்க. அவரு கடுதாசி உன்னையக் காப்பாத்தட்டும். மல்லன் பேச மாட்டான். நானும் பேச மாட்டேன்.”

மாசானம் புட்டியை இடுப்புத்துணியில் முடிந்துகொண்டு முன்னால் இறங்கினான்.

முகாமில் கொட்டு முழங்கியது! புத்தகம் கிடைத்துவிட்டதே! கர்னல் பக்கங்களைப் புரட்டிப் பார்த்து இரண்டு முறை “பிரமாதம்” என்றார். அப்புறம்தான் நினைவு வந்து தொப்பியைக் கழற்றிக்கொண்டு ஒரு நிமிஷம் நின்றார். கடிதத்தை வாசித்தார். மாசானத்தை வரச் சொன்னார். கர்னலுக்குத் தமிழ் தெரியாது. நடுவில் நின்று சொல்கிறவர் ராயப்பன்.

“காய்ச்சலால்தான் கண்ணாடியை விட்டாய். அப்படித்தானே? ஆம் என்று சொல். எழுதி முடித்துவிடுகிறேன்.”

ராயப்பன் தமிழில் கேட்டார். கண்ணால் கெஞ்சினார்.

“இல்ல துரை” என்றான் மாசானம். “எனக்கு ஒரு நோவும் இல்ல. மழையில நனைஞ்ச பாறை மின்னுனதத் துரையோட வெளிச்சம்னு நினைச்சுட்டேன். ‘கண்டேன்’ங்கற வெளிச்சம் வரல. வராமலே இறங்குனேன். அது என் குத்தம்.”

ராயப்பன் கர்னல் பக்கம் திரும்பினார். “என்ன சொல்கிறான்?” என்றார் கர்னல். அந்த ஒரு நொடியில் ராயப்பன் என்ன வேண்டுமானாலும் சொல்லியிருக்கலாம்.

“ஐயா, நான் சொன்னபடியே சொல்லுங்க” என்றான் மாசானம் தாழ்ந்த குரலில். “சொல் இல்லாம நான் இறங்க மாட்டேன்னு அவிய நம்புனாவ. அது பொய்யாப் போச்சு. நான் பொய் சொல்ல மாட்டேன்னும் நம்பியிருப்பாவ. அதையாச்சும் காப்பாத்துதேன்.”

ராயப்பன் சொன்னபடியே சொன்னார். சொல்லி முடித்ததும் மேல்துண்டால் முகத்தை மூடிக்கொண்டார்.

கர்னல் கடிதத்தை இன்னொரு முறை வாசித்தார். ஜெயிலுக்கு அனுப்பவில்லை. வேலையிலிருந்து மட்டும் நீக்கினார். மாசானம் இடுப்புக் கச்சையிலிருந்த, வேலைக்கு அடையாளமான பித்தளை வில்லையைக் கழற்றி மேசை மேல் வைத்தான். மருந்துப் புட்டியை மட்டும் கேட்டான். கர்னல் எடுத்துக்கொள்ளச் சொல்லிவிட்டார்.

முகாமுக்கு வெளியே, வண்டிப்பாதை ஓரம் அவன் மனைவி பேச்சி நின்றிருந்தாள். காவலில் வைத்த நாளிலிருந்து தினமும் வந்து அங்கேதான் நின்றாள். புருஷனை விலங்கில்லாமல் பார்த்ததும் ஓடி வந்தாள்.

“விட்டுட்டாவளா? துரை கிடைச்சாவளா?”

மாசானம் கையை விரித்துப் புட்டியைக் காட்டினான். அதுவரை, பிணத்தைக் கண்டபோதும், குழியை மூடியபோதும் அழாதவன், நட்ட நடுப் பாதையில் மண்ணில் உட்கார்ந்து வாய்விட்டு அழுதான்.

“எனக்கு மருந்து எடுத்துட்டு வந்தாவ, பேச்சி! ஆறு கடந்து, மலையேறி எனக்கு மருந்து கொண்டுட்டு வந்தாவ. நான் இங்க நம்ம வீட்டுல கஞ்சி குடிச்சிட்டு நல்லா இருந்தேனே! எனக்கு ஒண்ணுமே இல்லையே!”

பேச்சியும் பக்கத்தில் உட்கார்ந்தாள். பின்னாலிருந்து ராயப்பன் வந்து, அவன் எழுந்திருக்கும் வரை நின்றுவிட்டு, அவனுடைய மூட்டையைத் தானே வாங்கிக்கொண்டு ஊர் எல்லை வரை அவர்களோடு நடந்தார்.