பித்தளைத் தவளையின் மெத்தை

காலை 6.10.

கோழிப் பொரிப்பகத்தின் மூன்றாம் நம்பர் இயந்திரம் நின்றுபோயிருந்தது. அதன் தலைமேல் நான்கு வருஷமாக உட்கார்ந்திருந்த பித்தளைத் தவளையையும் காணோம்.

உள்ளே நாலாயிரம் முட்டைகள். பதினெட்டு நாள் சூடு வாங்கியவை. இன்னும் மூன்று நாளில் ஓட்டை உடைத்துக்கொண்டு குஞ்சுகள் வர வேண்டும். சூடில்லாமல் மத்தியானம் வரை தாங்கும், அதற்கு மேல் தாங்காது. அந்தப் பொரிப்பகத்தில் மற்ற இயந்திரங்களில் ஒரு முட்டைக்குக்கூட இடமில்லை.

தவளையை அங்கே கொண்டுவந்து வைத்தவர் ஆபரேட்டர். அது குளிரில் உட்காரக் கூடாது என்று பழைய கம்பளித் துணியில் ஒரு குட்டி மெத்தை தைத்துப் போட்டிருந்தார். தினமும் காலையில் துடைப்பார், நலம் விசாரிப்பார். அந்தத் தவளை இருப்பதால்தான் மூன்றாம் நம்பர் ஓடுகிறது என்று எல்லோரும் நம்பினார்கள். நம்பாதவன் ஒருவன்தான், மெக்கானிக். போன வாரம் சாப்பாட்டு நேரத்தில் எல்லோர் காதிலும் விழும்படி, "ஒரு நாள் இதைத் தூக்கிச் சாக்கடையில வீசப் போறேன், மெஷின் நிக்குதான்னு பாருங்க" என்று சொல்லித் தொலைத்திருந்தான். தவளை தன் வாயால் கெடும் என்பார்கள். இங்கே தவளை தப்பித்துவிட்டது, மெக்கானிக் மாட்டிக்கொண்டான்.

பொரிப்பகத்தின் சாவி மூன்று பேரிடம் உண்டு: முதலாளியம்மா, ஆபரேட்டர், மெக்கானிக். முதலாளியம்மாவுக்கு மேற்கொண்டு யோசிக்க ஒன்றுமில்லை. பன்னிரண்டு மணிக்குள் தவளை வந்து மெஷின் ஓட வேண்டும், இல்லையென்றால் மெக்கானிக் வீட்டுக்குப் போகலாம் என்று சொல்லிவிட்டாள்.

இதைக் கேட்டு ஓடிவந்தவள் பூதக்கண்ணாடி அக்கா. மெக்கானிக் அவளுடைய ஒரே தம்பி. வாய்த்துடுக்கால் ஏற்கெனவே மூன்று வேலைகளைத் தொலைத்தவன். நாலாவதான இந்த வேலை, அக்கா முதலாளியம்மாவிடம் நடையாய் நடந்து வாங்கிக்கொடுத்தது.

அக்காவின் வேலை, பிறந்த குஞ்சில் சேவல் எது, பெட்டை எது என்று பிரிப்பது. குஞ்சைப் புரட்டுவாள், பூதக்கண்ணாடி வழியாக ஒரு பார்வை, இடது கூடை அல்லது வலது கூடை. மணிக்கு ஆயிரம் குஞ்சு. எப்படித் தெரிகிறது என்று கேட்டால் அவளுக்கே சொல்லத் தெரியாது. அதனால் அவளுக்கு ஏதோ தெய்வசக்தி இருக்கிறது என்று ஊரே நம்பியது. பிள்ளைத்தாய்ச்சிப் பெண்கள் வயிற்றைத் தள்ளிக்கொண்டு வந்து நிற்பார்கள். "முதல்ல வெளிய வரட்டும். அப்புறம் நான் எதுக்கு, நீயே சொல்லிடுவ" என்று அனுப்பிவைப்பாள். பூதம் பெயரில் மட்டும்தான், மற்றதெல்லாம் வெறும் கண்ணாடி என்பது அவள் கட்சி.

"நீ எடுத்தியா?" என்று தம்பியைத் தனியே இழுத்துக் கேட்டாள்.

"இல்லக்கா."

"அம்மா மேல ஆணையா?"

"ஆணை கீணையில எல்லாம் எனக்கு நம்பிக்கை இல்லைன்னு உனக்குத் தெரியும்."

இந்தப் பதிலைக் கேட்டதும் அவன் பொய் சொல்லவில்லை என்று அக்காவுக்கு உறுதியாகிவிட்டது. எடுத்திருந்தால் பயல் மூன்று ஆணை வைத்திருப்பான்.

7.20.

தம்பி டூல்பாக்ஸோடு இயந்திரத்தின் மேல்மூடியைத் திறந்தான். அதன் அடியில்தான் மின் இணைப்புகள் எல்லாம். மூடியைத் திறந்தால் மெஷின் தானாக அணைந்துவிடும், கைவைப்பவனுக்கு ஷாக் அடிக்கக் கூடாதல்லவா. ஒயர் ஒவ்வொன்றாகப் பார்த்தான். எல்லாம் சரி. மூடினான், டூல்பாக்ஸை மேலே வைத்தான், பொத்தானை அழுத்தினான். மெஷின் ஓடியது. வெற்றிப் பெருமிதத்தோடு பெட்டியை எடுத்துக்கொண்டு பத்தடி போயிருப்பான், நின்றுவிட்டது. திரும்பி வந்து அதே வேலையைச் செய்தான். ஓடியது. போனான். நின்றது.

"கேலி பண்ணினான் இல்ல, அவன்கிட்ட அது விளையாட்டு காட்டுது" என்றார் ஆபரேட்டர். தம்பிக்கு முகம் கடுகடுத்தது.

8.15.

அக்கா ஆபரேட்டரை உட்காரவைத்துப் பேச்சுக் கொடுத்தாள். மனிதர் நேற்றுப் போட்ட சட்டையிலேயே இருந்தார். மகளுக்கு ராத்திரியிலிருந்து பிரசவ வலி, ஆஸ்பத்திரியிலிருந்து நேராக வேலைக்கு வந்திருந்தார். நிமிஷத்துக்கு ஒருதரம் போனைப் பார்த்தார்.

"தவளை வர்றதுக்கு முன்னாடி மெஷின் எப்படி?"

"தொட்டதுக்கெல்லாம் நின்னுடும். தவளையை வச்சேன், அன்னிலேருந்து சரியாயிடுச்சு."

"அதுக்கும் முன்னாடி?"

ஆபரேட்டர் யோசித்தார். "நல்லாத்தான் ஓடுச்சு. மேல டியூப்லைட் மாத்தின வாரத்துலேருந்துதான் கோளாறு."

"துடைக்கும்போது தவளையைத் தூக்குவீங்களே?"

"தூக்கினா மெஷின் ஒரு விக்கு விக்கும். வச்சுப் பொத்தானை அமுக்கினதும் சரியாயிடும். அதுக்குப் பிரிஞ்சிருக்க முடியாதும்மா."

9.30.

முதலாளியம்மா டிரைவரைக் கடைக்கு அனுப்பி வேறொரு தவளை வாங்கிவரச் சொன்னாள். கடையில் இருந்தது குழந்தைகள் குளிக்கும்போது விளையாடும் பச்சை ரப்பர் தவளை. அமுக்கினால் கீச்சென்று கத்தும். அதை மேலே வைத்துப் பொத்தானை அழுத்தினார்கள். மெஷின் அசையவில்லை. ரப்பருக்கு ஏது சக்தி என்று ஆபரேட்டர் முணுமுணுத்தார். தன் தவளை ஜெயித்ததற்காக அவர் சந்தோஷப்பட்டதாகவும் தெரியவில்லை.

10.15.

அக்கா ஸ்டூல் போட்டு ஏறி மூடியைப் பார்த்தாள். குஞ்சைப் பார்க்கிற அதே பார்வை. எங்கும் தூசி, நடுவில் மெத்தை கிடந்த உள்ளங்கை அளவு சதுரம் மட்டும் சுத்தமாக இருந்தது; மெத்தையையும் காணோம். ஓரத்தில் ஒரு சின்னப் பள்ளம். மூடிக்கும் விளிம்புக்கும் நடுவே நூல் நுழையும் இடைவெளி. விரலால் மூடியை அழுத்திப் பிடித்துக்கொண்டு பொத்தானைத் தட்டினாள். மெஷின் உயிர்பெற்றது. விரலை எடுத்தாள், நின்றது. தலைக்கு மேல் டியூப்லைட் எரிந்துகொண்டிருந்தது. அக்கா கீழே இறங்கிப் புடவையைத் தட்டிக்கொண்டாள்.

11.00.

சாவி வைத்திருக்கும் மூன்று பேரையும் அக்கா இயந்திரத்தின் முன்னால் நிறுத்தினாள்.

"தவளையை எடுத்தது யாருன்னு தெரிஞ்சுபோச்சு" என்றாள் அக்கா. "முதலாளியம்மா, கோபத்துல எடுக்கறவன் தவளையை எடுப்பான், சாக்கடையில போடுவான். அதோட மெத்தையையும் பத்திரமா எடுத்துட்டுப் போவானா? தவளைக்குக் குளிருமேன்னு கவலைப்படற ஆள் இங்க ஒருத்தர்தான் இருக்கார். காலையிலேருந்து எல்லாரும் மூலைமுடுக்கெல்லாம் தேடினோம். அவர் மட்டும் எங்கேயும் தேடலை."

ஆபரேட்டர் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார்.

"நான்தான்மா" என்றார். "பொண்ணு ராத்திரியெல்லாம் துடிக்கிறா. நாலாயிரம் குஞ்சை வெளிய கொண்டுவர்றது, என் ஒரு பேரப்பிள்ளைக்கு வழி விடாதான்னு அஞ்சரைக்கு எடுத்துட்டுப் போய் அவ தலைமாட்டுல வச்சேன். திரும்பி வந்தா மெஷின் நிக்குது. கொஞ்ச நேரம் தாங்கும்னு நினைச்சது தப்பாப் போச்சு. எடுத்துட்டு வந்தா அங்க என்ன ஆகுமோ. வராட்டி இங்க இத்தனை உயிர். அந்தப் பையனையும் மாட்டிவிட்டுட்டேன். பிள்ளை பிறந்ததும் சொல்லிடலாம்னுதான் இருந்தேன்."

தம்பிக்கோ தலைகால் புரியவில்லை. "பார்த்தீங்களா? சாமியாம், சக்தியாம். நான் அப்பவே..."

"நீ சிரிக்காதடா" என்றாள் அக்கா. "அவர் சொன்னது நிஜம். தவளை இல்லாட்டி மெஷின் ஓடாது. அதோட கனம்தான் மூடியை அமுக்கி வச்சிருந்துச்சு. கீல் வளைஞ்சிருக்கு, கனம் இல்லாட்டி மூடி நூலிழை தூக்கிக்கும். மூடி திறந்திருக்குன்னு மெஷின் அணைஞ்சிடும். உன் டூல்பாக்ஸ் இருந்தா ஓடுச்சு, ரப்பர் தவளைக்கு ஓடலை. அப்பவே உனக்குத் தோணியிருக்கணும்."

தம்பி மூடியை விரலால் அழுத்திப் பார்த்தான்.

"கீல் ஏன் வளைஞ்சுதுன்னு கேளு. நாலு வருஷம் முன்னாடி டியூப்லைட் மாத்தினது யாரு?"

"நான்தான்" என்றான் தம்பி. "வேலைக்குச் சேர்ந்த முதல் வாரம். ஏணி கிடைக்கலை, இது மேல ஏறி நின்னேன்."

"உன் குதிகால் தடம் இன்னும் இருக்கு. நாலு வருஷமா உன் தப்பை மறைச்சு உன் வேலையைக் காப்பாத்தினது அந்தத் தவளைடா. அதைப் போய் சாக்கடையில போடறேன்னே."

சொல்லிக்கொண்டே அக்கா அவன் முதுகில் ஒன்று வைத்தாள். கோபமா சந்தோஷமா என்று அவளுக்கே தெரியவில்லை. முதலாளியம்மா எதற்கு யாரைத் திட்டுவது என்று தெரியாமல் சிரித்துவிட்டாள்.

தம்பி சிரிக்கவில்லை. டூல்பாக்ஸைத் தூக்கி மூடிமேல் வைத்தான். பொத்தானை அழுத்தினான். விசிறிகள் சுழலத் தொடங்கின. பிறகு ஆபரேட்டரைக் கைகொடுத்து எழுப்பினான்.

"மாமா, தவளை அங்கேயே இருக்கட்டும். நீங்களும் போங்க. இங்க இது பார்த்துக்கும்."

அன்று முழுக்க அவன் திருப்புளி, ஸ்பேனரையெல்லாம் பாக்கெட்டில் போட்டுக்கொண்டு, கால்சட்டை இடுப்பில் நிற்காமல் பிடித்துப் பிடித்து நடந்தான். மூன்றரை மணிக்கு ஆபரேட்டரிடமிருந்து போன் வந்தது. பேத்தி. தாயும் சேயும் நலம்.

நாலாம் நாள், காலை 8.00.

மூன்றாம் நம்பர் குஞ்சுகள் கீச்கீச்சென்று கூடைகளில் நிறைந்திருந்தன. அக்கா இடது, வலது என்று பிரித்துக்கொண்டிருந்தாள். புதுக் கீல் நேற்றே போட்டாயிற்று, உள்ளே அடுத்த முட்டைகளும் ஏறிவிட்டன. இனி மூடிமேல் எதையும் வைக்கத் தேவையில்லை. தவளை பேத்தியின் தொட்டிலருகே தங்கிவிட்டது. டூல்பாக்ஸ் மட்டும் இன்னும் மூடிமேலேயே இருந்தது. அதன் அடியில் ஆபரேட்டர் தைத்த புது மெத்தை, இந்தத் தடவை கொஞ்சம் பெரியது.

தம்பி ஏதோ அவசர வேலைக்காக வந்து பெட்டியைத் தூக்கினான். மெஷின் ஒரு விக்கல்கூட இல்லாமல் ஓடியது.

"ரெண்டு நிமிஷம், வந்துடறேன்" என்றான்.

சரி என்று சொல்ல அக்கா நிமிர்ந்தாள். அவன் அவள் பக்கம் திரும்பியிருக்கவே இல்லை, மெஷினைப் பார்த்துத்தான் சொல்லியிருந்தான்.